ஆறு பன்னீர்செல்வமும் ஒரு தறிக்காரனும்

கோர்ட்டு வாசலில் அரை நாள் உட்கார்ந்து பேர் கூப்பிடுவதைக் கேட்டால் போதும், இந்த நாட்டில் யாருக்கு என்ன மரியாதை என்பது விளங்கிவிடும். திருச்செங்கோட்டுக் கோர்ட்டு என்றே வைத்துக்கொள்ளுங்கள். பள்ளிபாளையத்துக்காரர்களுக்கு அது ஒன்றும் புது இடமல்ல. செக் கேஸ், ஜீவனாம்சம், பாகப்பிரிவினை, குடித்துவிட்டு அடித்துக்கொண்டது என்று வீதிக்கு ஒரு வாய்தாவாவது இருக்கும். டவாலி வாசலுக்கு வந்து "பழனிச்சாமி, பழனிச்சாமி, பழனிச்சாமி" என்று மூன்று தரம் கூவுகிறார். வேப்பமரத்தடியில் ஏழெட்டுப் பேர் துண்டை உதறிக்கொண்டு எழுந்திருக்கிறார்கள். "எந்தப் பழனிச்சாமிங்க?" என்று கேட்டவனுக்கு, "உனக்கு உன்ற கேஸ் தெரியாதா?" என்று பதில் வருகிறது.

எங்கள் பக்கம் இது தவிர்க்க முடியாதது. மூத்த பேரனுக்குத் தாத்தன் பேர் என்பது ஊர் வழக்கம். தாத்தனுக்கு நான்கு பையன்கள் என்றால் நான்கு வீட்டிலும் ஒரே பேரில் நான்கு பேரன்கள். முருகன் பேரிலும் சிவன் பேரிலும் கொங்கு நாடு முழுக்க வைத்துத் தீர்த்துவிட்டோம். தெருவுக்கு ஐந்து பழனிச்சாமி, மூன்று சுப்பிரமணி, இரண்டு ராமசாமி. ஊருக்குள் யாருக்கும் இதனால் குழப்பம் வந்ததில்லை. மில்லுக்காரர் பழனிச்சாமி, பஞ்சர்கடைப் பழனிச்சாமி, மேக்கால வீட்டுப் பழனிச்சாமி என்று சொன்னால் பால்காரப் பையன்கூடச் சரியான வீட்டில் பாலை ஊற்றிவிட்டு வருவான். குழப்பம் தாளில்தான் ஆரம்பிக்கிறது.

சும்மா ஒரு கற்பனை. அதே கோர்ட்டில் மேலே உட்கார்ந்திருக்கும் நீதிபதி பேரும் பழனிச்சாமி. அரசுத் தரப்பில் நிற்கும் ஏ.பி.பி.யும் பழனிச்சாமி. எதிர்த்தரப்பு வக்கீல் பழனிச்சாமி, கேஸ் போட்ட இன்ஸ்பெக்டர் பழனிச்சாமி, மகஜரில் கையெழுத்துப் போட்ட மணியகாரரும் பழனிச்சாமி. கூண்டில் நிற்கிற தறிக்காரனும் பழனிச்சாமி. கோர்ட்டு நடப்பதில் ஏதாவது சிக்கல் வருமா? வராது. மேலே இருப்பவர் "கனம் நீதிபதி அவர்கள்". அடுத்தவர் "ஏ.பி.பி. சார்". கழுத்தில் வெள்ளைப்பட்டை கட்டியவர் "வக்கீல் சார்". தொப்பி வைத்தவர் "ஐயா". மணியகாரர் "மணியகாரருங்க". பெற்றவர்கள் ஆறு பேருக்கும் ஒரே பேரைத்தான் வைத்தார்கள். ஆனால் காலை பத்தரை மணியிலிருந்து சாயங்காலம் வரை அந்தப் பேரைச் சொல்லி அழைக்கப்பட்டவன் ஒருவன்தான், அதுவும் அவன் மேல் கேஸ் இருப்பதால். "ஏப்பா பழனிச்சாமி, இங்க வந்து நில்லு."

வெறும் பேரோடு விட்டாலும் பரவாயில்லை. எஃப்.ஐ.ஆரில் "என்கிற" என்று ஒரு ஒட்டு உண்டு. பழனிச்சாமி என்கிற கட்டையன். முருகேசன் என்கிற சப்பை. நாட்டில் எத்தனையோ பேர் குள்ளம், எத்தனையோ பேருக்கு ஒன்றரைக் கண். மந்திரிகளிலும் இருக்கிறார்கள், நீதிமான்களிலும் இருக்கிறார்கள். அவர்கள் பேருக்குப் பக்கத்தில் யாரும் "என்கிற" போட்டதில்லை. பெரிய மனிதருக்குப் பேர் போதாவிட்டால் ஊர்ப்பேரை எழுதிக் கொடுப்பது நம் வழக்கம். எடப்பாடியும் பள்ளிபாளையம் மாதிரியே தறி ஓடுகிற ஊர். அங்கே எத்தனை பழனிச்சாமிகள் பாவு பிணைத்துக்கொண்டிருக்கிறார்கள் என்று எண்ணிவிட முடியாது. ஊர்ப்பேர் மட்டும் ஒரே ஒருவருக்குப் பட்டாவாகிவிட்டது.

பேர் ஒன்றாக இருப்பது பெரியவர்களுக்கு எப்போது தொந்தரவாகிறது? தேர்தலில் மட்டும்தான்.

2024 நாடாளுமன்றத் தேர்தலில் ராமநாதபுரம் தொகுதியில் ஓ. பன்னீர்செல்வம் சுயேச்சையாக நின்றார். மூன்று முறை முதலமைச்சராக இருந்தவர், இரட்டை இலை கையைவிட்டுப் போய், பா.ஜ.க. கூட்டணித் துணையோடு பலாப்பழச் சின்னத்தில் நின்றார். அவரோடு இன்னும் ஐந்து பன்னீர்செல்வங்கள் நின்றார்கள். பன்னீர்செல்வம் என்று பேர் கிடைப்பது பெரிய காரியமல்ல. "ஓ"வோடு கிடைக்க வேண்டும், அதுவும் ஒன்றுக்கு மேல். உசிலம்பட்டிப் பக்கம் ஒச்சாண்டம்மனைக் கும்பிடுகிற குடும்பங்களில் ஒச்சப்பன், ஒச்சாத்தேவர் என்றெல்லாம் பேர் வைப்பார்கள், அதனால் அந்தச் சீமையில் தேடினால் கிடைக்கும். ஆனால் தேட வேண்டும். வாக்காளர் பட்டியலை எடுத்து வைத்துக்கொண்டு, மகன் பேர் இது, அப்பன் பேர் முதல் எழுத்து இது என்று விரல் வைத்துத் தேடிய புண்ணியவான் யாரோ இருந்திருக்க வேண்டும். ஐந்து பேரும் ஒரே சமயத்தில் நாட்டுக்குத் தொண்டு செய்யும் ஆசை வந்து, தனித்தனியாக பஸ் ஏறிக் கலெக்டர் ஆபீஸுக்கு வந்து, வாசலில் ஒருவரை ஒருவர் பார்த்து "அடடே, உங்க பேரும் அதுவா?" என்று வியந்திருப்பார்கள் என்று நம்புகிற அளவுக்கு நமக்கு இன்னும் மூளை கலங்கவில்லை.

நாடாளுமன்றத் தேர்தலுக்கு டெபாசிட் 25,000 ரூபாய். தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் அதில் பாதி. செல்லுபடியான ஓட்டில் ஆறில் ஒரு பங்கு வாங்காவிட்டால் பணம் போயிற்று. கட்சி அங்கீகாரம் இல்லாதவருக்கு முன்மொழியப் பத்துப் பேர் வேண்டும். அதற்கு மேல் பிரமாணப் பத்திரம், சொத்துக் கணக்கு, வழக்கு விவரம், நோட்டரி முத்திரை. சனிக்கிழமை கூலி வாங்கித் திங்கட்கிழமைக்குள் மளிகைக்கடை பாக்கிக்கே போய்விடுகிற குடும்பம் இந்தச் செலவை எங்கிருந்து செய்யும்? யார் கட்டினார்கள் என்று யாராவது கேட்க வேண்டாமா?

சட்டத்தில் இடமில்லை என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். 1951-ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 123-ஆம் பிரிவு, லஞ்சம் என்றால் என்ன என்று சொல்லும்போது, ஓட்டுக்குப் பணம் கொடுப்பதற்கும் முன்னால் இதைத்தான் சொல்கிறது: ஒருவரைத் தேர்தலில் நிற்க வைக்கவோ, நிற்காமல் செய்யவோ, விலக வைக்கவோ, விலகாமல் செய்யவோ பணமோ பொருளோ கொடுப்பது ஊழல் நடவடிக்கை. எழுதிவைத்து எழுபது வருஷத்துக்கு மேல் ஆகிறது. விலக வைத்ததாகச் சண்டை நடந்து பார்த்திருக்கிறோம். ஒரே பேரில் ஆள் பிடித்து நிற்க வைத்தவனைப் பிடித்து வந்து கூண்டில் நிறுத்தி "பழனிச்சாமி, பழனிச்சாமி, பழனிச்சாமி" என்று கூவிய கோர்ட்டை நான் கேள்விப்பட்டதில்லை.

ராமநாதபுரத்தில் என்ன ஆயிற்று? ஏணிச் சின்னத்தில் நின்ற நவாஸ் கனி 1,66,782 ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். ஐந்தல்ல, ஐம்பது பன்னீர்செல்வங்களை இறக்கியிருந்தாலும் அந்தப் பள்ளத்தில் காணாமல் போயிருப்பார்கள். ஆள் பிடித்த புண்ணியவானுக்குக் காசு நஷ்டம். ஆனால் எல்லா இடத்திலும் இந்த வித்தை வீணாகவில்லை. கேரளத்தில் 2004-ல் ஆலப்புழையில் காங்கிரஸின் வி.எம். சுதீரன் 1,009 ஓட்டில் தோற்றார். அதே தொகுதியில் வி.எஸ். சுதீரன் என்று ஒருவர் நின்று 8,282 ஓட்டு வாங்கியிருந்தார். கணக்குப் பார்க்க வாத்தியார் தேவையில்லை. 2016-ல் மஞ்சேஸ்வரத்தில் கே. சுரேந்திரன் 89 ஓட்டில் தோற்றார். பக்கத்தில் நின்ற கே. சுந்தராவுக்கு விழுந்தது 467. சத்தீஸ்கரில் 2014-ல் மகாசமுந்த் தொகுதியில் பா.ஜ.க.வின் சந்துலால் சாகுவை எதிர்த்து ஒரு பட்டாளம் சந்து சாகுக்கள். அவ்வளவையும் தாண்டி 1,217 ஓட்டில் பிழைத்துக்கொண்டார் மனுஷர். எதிர்த்து நின்றது அஜித் ஜோகி, முன்னாள் ஐ.ஏ.எஸ். அதிகாரி, முன்னாள் முதலமைச்சர்.

இப்படிப் பெரிய தலைகளுக்குத் தலைவலி வந்ததும் அரசாங்கம் என்ன வேகத்தில் ஓடியது தெரியுமா? 2015 மார்ச்சில் தேர்தல் ஆணையம் உத்தரவு போட்டது: ஓட்டு மெஷினில் வேட்பாளரின் போட்டோ ஒட்ட வேண்டும். காரணத்தையும் மறைக்கவில்லை, ஒரே பேரில் நிற்பவர்களால் ஜனங்கள் குழம்பக்கூடாது என்று சொன்னார்கள். அதற்கும் முன்பே 1961-ஆம் ஆண்டின் தேர்தல் நடத்தை விதிகளில் ஒரு வழி இருந்தது. இரண்டு வேட்பாளர்களுக்கு ஒரே பேர் என்றால், தொழிலையோ குடியிருக்கும் ஊரையோ சேர்த்துப் போட்டு வேறுபடுத்த வேண்டும். பஞ்சர்கடைப் பழனிச்சாமி, மேக்கால வீட்டுப் பழனிச்சாமி. எங்கள் பால்காரப் பையன் தினமும் விடிகாலையில் செய்கிற காரியத்தைத்தான் டெல்லி விதியாக எழுதியிருக்கிறது. நல்ல விதி, பேஷான விதி. வேட்பாளருக்கு மட்டும்தான் அது என்பதுதான் கொடுமை.

அதற்கும் மேலே 2024 மே மாதம் சுப்ரீம் கோர்ட்டுக்கே இது போனது. இந்தப் பேர் வியாபாரத்தைத் தடுக்க வேண்டும் என்று ஒருவர் பொதுநல மனு போட்டார். நீதிபதி பி.ஆர். கவாய் தலைமையிலான அமர்வு கேட்ட கேள்வி நியாயமானது: பெற்றோர் ராகுல் காந்தி என்றோ லாலு யாதவ் என்றோ பேர் வைத்துவிட்டால், அதற்காக ஒருவர் தேர்தலில் நிற்கக்கூடாது என்று சொல்ல முடியுமா? மனு திரும்பப் பெறப்பட்டது. எனக்கும் இதில் மாற்றுக் கருத்து இல்லை. பேர் பெற்றவர்கள் வைத்தது, நிற்பது அவன் உரிமை. பேரைத் தடுக்கச் சொல்லவில்லை ஐயா, பணத்தைப் பின்தொடரச் சொல்கிறோம். அந்தக் கேள்வியை யாரும் யாரிடமும் கேட்பதாகத் தெரியவில்லை.

கூட்டம் கூட்டமாக நிற்பதைத் தடுக்க அரசாங்கத்துக்குத் தெரியாது என்றும் சொல்ல முடியாது. அந்தக் கதை எங்கள் ஆற்றுக்கு அக்கரையில் நடந்தது. பள்ளிபாளையம் அடங்கிய குமாரபாளையம் சட்டமன்றத் தொகுதி ஈரோடு நாடாளுமன்றத் தொகுதிக்குள் வருகிறது, மொடக்குறிச்சியும் அதற்குள்ளேதான். 1996 சட்டமன்றத் தேர்தலில் அந்த மொடக்குறிச்சியில் 1,033 பேர் நின்றார்கள். விவசாயிகள். கேட்டுக் கேட்டு அலுத்துப்போய், மனு கொடுத்த கையாலேயே வேட்புமனுவும் கொடுத்துவிட்டார்கள். அப்போது டெபாசிட் 250 ரூபாய். ஓட்டுச்சீட்டைப் புத்தகமாகத் தைக்க வேண்டியிருந்தது. தேர்தலையே தள்ளிவைத்தார்கள். கடைசியில் சுப்புலட்சுமி ஜெகதீசன் ஜெயித்தார். அதே வருஷம் ஆந்திராவில் நல்கொண்டாவில் நல்ல தண்ணீர் கேட்டு 480 பேர் நாடாளுமன்றத்துக்கு நின்றார்கள்.

இந்த 1,033 பேரையும் அந்த 480 பேரையும் யாரும் காசு கொடுத்துக் கூட்டி வரவில்லை. யார் ஓட்டையும் பிரிக்க வரவில்லை. அவரவர் பேரில், அவரவர் வயிற்றெரிச்சலுக்கு நின்றார்கள். அரசாங்கம் என்ன செய்தது? அவர்கள் கேட்டதைக் கொடுத்ததா? டெபாசிட்டை ஏற்றியது. 250 ரூபாய் 5,000 ஆனது, பிறகு 10,000 ஆனது. ஏழை கோபத்தில் நிற்க முடியாதபடி விலை வைத்தாயிற்று. பணக்காரன் தந்திரத்துக்கு ஆள் நிறுத்த அது ஒரு விலையே இல்லை. ஒரு டம்மி வேட்பாளர் பேரில் பூத்துக்குப் பூத்து ஏஜெண்டு போட்டுக்கொள்ளலாம், ஓட்டு எண்ணும் இடத்தில் ஆள் உட்கார வைக்கலாம், வண்டிக்கு அனுமதி வாங்கலாம், நம் செலவைக் கொஞ்சம் அவன் கணக்கில் தள்ளலாம். 25,000 ரூபாய்க்கு இவ்வளவு சாமான் எந்தக் கடையில் கிடைக்கும்? 2023-ல் ஈரோடு கிழக்கு இடைத்தேர்தலில் 77 பேர் நின்றார்கள். பூத்துக்கு ஐந்து மெஷின் வரிசையாக வைக்க வேண்டியிருந்தது. கிழவிகள் தங்கள் சின்னத்தைத் தேடிக் கண்டுபிடித்ததே பெரிய காரியம்.

சரி, பெரியவர்கள் பேர் பிழைத்தது. தறிக்காரன் பழனிச்சாமிக்கு வருவோம்.

அவன் அப்பன் பெரியசாமி. ரேஷன் கார்டில் "பெ. பழனிச்சாமி". வாக்காளர் அட்டையில் "பி. பழனிசாமி", ச் இல்லை. ஆதாரில் இனிஷியலே இல்லாமல் "பழனிசாமி பெரியசாமி". பள்ளிக்கூடச் சர்ட்டிபிகேட்டில் இங்கிலீஷ் "பி". 2021 டிசம்பரில் இனிஷியலையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று அரசாணை வந்தது. தமிழுக்கு நல்லது, சந்தோஷம். ஆனால் ஏற்கெனவே நாலு தாளில் நாலு பழனிச்சாமியாக இருந்தவன் அன்றைக்கு ஐந்தாகிவிட்டான். பாட்டன் காலத்துப் பட்டாவில் பேருக்குப் பின்னால் சாதிப் பட்டம் வேறு தொங்குகிறது. வாரிசுச் சான்றுக்குப் போனால் "இந்த ஆளும் அந்த ஆளும் ஒன்றுதான் என்று எழுதிக்கொண்டு வா" என்கிறார்கள். முத்திரைத்தாள், டைப் அடிக்கிறவர், நோட்டரி, சாட்சிக்கு இரண்டு பேர், அவர்களுக்கு டீ. "மேற்படி தாக்கலில் கண்ட பழனிச்சாமி என்பவரும் மேற்படி பழனிசாமி என்பவரும் நானே என்று சத்தியப் பிரமாணம் செய்கிறேன்." ஒரு நாள் தறி நின்றது, ஒரு நாள் கூலி போனது. அவன் அவன்தான் என்று அவனே காசு கொடுத்து வாங்கிக்கொள்கிறான்.

இது ஒரு பக்கம். அடுத்த வீதிப் பழனிச்சாமி குழு லோன் வாங்கிவிட்டு ஓடிப்போனால், வசூலுக்கு வருகிறவன் இந்தப் பழனிச்சாமி வீட்டுத் திண்ணையில் வந்து உட்காருவான். "அது நானில்லைங்க" என்றால், "அப்ப அது யாரு?" என்பான். எங்கேயோ ஒரு பழனிச்சாமி மேல் பிடிவாரண்ட் இருந்தால், ராத்திரி ஷிப்டுக்குப் போகிற இவனை வண்டியில் ஏற்றுவார்கள். ஊர்ப்பேரும் அப்பன் பேரும் வேறு என்று விடிய விடிய அவன்தான் நிரூபிக்க வேண்டும். ஒரே பேர் இருந்தால் தொழிலைச் சேர், ஊரைச் சேர் என்ற அந்த 1961 விதி இங்கே எங்கே போயிற்று? ஓட்டுக் கேட்கிறவனைப் பிரித்துக் காட்டப் போட்டோ. ஓட்டுப் போடுகிறவனைப் பிரித்துக் காட்ட ஒரு லாக்கப்.

மிகையாகச் சொல்கிறேன் என்று நினைப்பவர்கள் அசாமைப் பார்க்கட்டும். அந்நியர் என்று தீர்ப்பான ஒரு பெண்ணைத் தேடிப் போலீஸ் போனது. அந்தப் பெண் செத்துப்போய்விட்டாள். பேர் கிட்டத்தட்ட ஒன்று போலிருந்த, அதே ஊரில் இருந்த, ஐம்பத்து சொச்சம் வயது ஏழை விதவையைப் பிடித்துக்கொண்டு போனார்கள். கோக்ராஜார் தடுப்பு முகாமில் கிட்டத்தட்ட மூன்று வருஷம். ஆள் மாறிவிட்டது என்று 2019 ஜூனில் விட்டார்கள். குடும்பப் பேர்கூட ஒன்றில்லை. ஒரு தலைவரின் சின்னத்துக்குப் பக்கத்தில் இன்னொரு முகம் வந்துவிடக்கூடாதே என்று பதைத்த நாட்டில், அந்த அம்மாவின் முகத்தைப் பக்கத்து வீட்டுக்காரரிடம் காட்டி "இவரா?" என்று கேட்கக் கிட்டத்தட்ட மூன்று வருஷம் பிடித்தது.

எங்கள் ஊர் சமாச்சாரத்துக்கு வருகிறேன். 2025 ஜூலையில் பள்ளிபாளையம் பேர் எல்லாப் பேப்பரிலும் வந்தது. துணிக்காக அல்ல, கிட்னிக்காக. கடன் கழுத்தை நெரித்த விசைத்தறித் தொழிலாளிகளிடம் புரோக்கர்கள் பேசி, ஆஸ்பத்திரிகளுக்குக் கூட்டிப்போய், சிறுநீரகத்தை எடுத்தார்கள் என்ற செய்தி. இரண்டு ஆஸ்பத்திரிகளின் மாற்று சிகிச்சை உரிமத்தை அரசு நிறுத்திவைத்தது. ஐகோர்ட்டு மதுரைக் கிளை சிறப்புப் புலனாய்வுக் குழு போட்டது. உறுப்பு மாற்றுச் சட்டம் 1994-லிருந்து இருக்கிறது. நெருங்கிய சொந்தக்காரர் கொடுக்கலாம். சொந்தமில்லை என்றால் பாசத்தால்தான் கொடுக்கிறார், காசுக்கல்ல என்று அங்கீகாரக் குழு விசாரித்துத் திருப்தியாக வேண்டும். அடையாள அட்டை வேண்டும், முகவரி வேண்டும், போட்டோ வேண்டும், உறவு இன்னது என்று தாள் வேண்டும். காதுகுத்துக்கு ஒரு பத்திரிகை வைத்திராத சொந்தமெல்லாம் கிட்னிக்குச் சொந்தமாக வந்து நின்றிருக்கிறது.

எந்தத் தாள் எப்படிப் போனது என்று புலனாய்வு சொல்லட்டும். எனக்குக் கேட்க வேண்டியது ஒன்றுதான். ரேஷன் கார்டில் மருமகள் பேர் சேர்க்கப் போனபோது, "பெ"வுக்கும் "பி"க்கும் இடையில் எங்கள் பழனிச்சாமியை மூன்று ஆபீஸுக்கு நடக்க விட்டார்களே, அந்தக் கண்கள் எல்லாம் அன்றைக்கு எங்கே போயிருந்தன? அவன் சோறு கேட்டு வந்தபோது, அவன் அவன்தானா என்று ஆயிரம் சந்தேகம். அவன் வயிற்றைக் கிழிக்க வரிசையில் நின்றபோது, இனிஷியல் சரியில்லை, போய்விட்டு வா என்று எந்த மேசையும் திருப்பி அனுப்பியதாக நான் கேள்விப்படவில்லை. ஒரே ஒரு மேசை அனுப்பியிருந்தால், பஸ் ஏறி ஊருக்கு வந்து, மறுநாள் தறிக்குப் போயிருப்பான்.

வாசலில் டவாலி இப்போதும் கூவிக்கொண்டுதான் இருக்கிறார். எழுந்திருக்கிறவர்களில் சிலர் விலாவைப் பிடித்துக்கொண்டு எழுந்திருக்கிறார்கள். அடுத்த தேர்தலுக்கு அவர்களில் யாருக்காவது சரியான இனிஷியல் இருந்தால், 25,000 ரூபாய் கட்ட ஆள் தேடி வரும். வருகிறவரின் பேரைத்தான் யாரும் எழுதி வைப்பதில்லை.